ஒலியால் வினைபுரியும் நாடோடி இசைவாணர் கூட்டம்: ஒரு கற்பனைக்குச் சங்கப் பாடல்கள் தரும் அடிமனை

கேள்வி இதுதான். ஊர் ஊராகச் சுற்றித் திரிந்து, தம் இசையின் ஒலியாலேயே புண்ணை ஆற்றவும் விலங்கை அடக்கவும் பகைவரை நிறுத்தவும் வல்ல ஓர் இசைவாணர் கூட்டத்தை மையமாக வைத்து நீங்கள் ஒரு மிகுபுனைவு நாவல் எழுதத் தொடங்கியிருக்கிறீர்கள். அத்தகைய கூட்டத்துக்குத் தமிழ் மரபில் வேர் உண்டா, அவர்களுடைய ஆற்றல் எந்த விதிகளுக்கு உட்பட்டு இயங்க வேண்டும், அந்தக் கூட்டத்தை எப்படி அமைப்பது, அதற்கு என்ன பெயர் வைப்பது என்று கேட்டிருக்கிறீர்கள். மேலைநாட்டுக் கதைகளில் வரும் இசைமந்திரவாதிகளைப் போலவே படைத்துவிடலாமா என்ற தயக்கத்தையும் சொல்லியிருக்கிறீர்கள்.

வேர் உண்டு. அது ஆழமாகவும் இருக்கிறது. சங்கப் பாடல்களில் வரும் பாணரும் பொருநரும் கூத்தரும் விறலியரும் நீங்கள் கற்பனை செய்கிற கூட்டத்துக்கு மிக அருகில் நிற்பவர்கள். ஆனால் அவர்களுடைய இசைக்குப் பாடல்கள் ஏற்றிச் சொல்லும் ஆற்றல், கையை நீட்டியதும் நெருப்புப் பாயும் வகையைச் சேர்ந்தது அன்று. அது நிலத்துக்கும் பொழுதுக்கும் கட்டுப்பட்டது. பெரும்பாலும் காப்பதும் தணிப்பதுமே அதன் வேலை. இசைப்பவனுக்கு அது உடைமையாவதும் இல்லை. இந்த மூன்றையும் பிடித்துக்கொண்டால் உங்கள் கூட்டம் வேறு எந்த நாட்டுக் கதையிலிருந்தும் எடுத்து ஒட்டியதாகத் தோன்றாது என்பது என் உறுதியான எண்ணம். அதற்கான சான்றுகளைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் அவர்கள் யார் என்பதைப் பார்ப்போம். பத்துப்பாட்டில் பாதி நூல்கள் ஆற்றுப்படைகள், அதாவது பரிசு பெற்றவர் பெறாதவருக்கு வழி சொல்லும் பாடல்கள். அவற்றுள் திருமுருகாற்றுப்படை நீங்கலாக எஞ்சிய நான்கும் இந்த இசைக்குடிகளைப் பற்றியவை. கரிகாலனைப் பாடும் பொருநராற்றுப்படை, நல்லியக்கோடனைப் பாடும் சிறுபாணாற்றுப்படை, தொண்டைமான் இளந்திரையனைப் பாடும் பெரும்பாணாற்றுப்படை, நன்னனைப் பாடும் மலைபடுகடாம் ஆகியவையே அவை. சிறிய யாழை ஏந்தியவர் சிறுபாணர், பெரிய யாழை ஏந்தியவர் பெரும்பாணர். ஏர்க்களத்திலும் போர்க்களத்திலும் பாடியவர் பொருநர். ஆடியும் பாடியும் உடன் வந்த பெண்கள் விறலியர், பாடினியர். கையில் சிறு கோலோடு வந்து பாடிக் குறி சொன்னவர் அகவன் மகளிர். கோடியர், வயிரியர், கண்ணுளர் என்று இன்று வழக்கொழிந்த பெயர்களும் உண்டு. மலைபடுகடாத்தின் தொடக்கத்தில், முழவும் ஆகுளியும் கொம்பும் தூம்பும் குழலும் பிறவும் உறைகளில் கட்டித் தோளில் தொங்க அவர்கள் நடந்துவரும் காட்சி இருக்கிறது. அந்தச் சுமை, கார்காலத்துப் பலாமரத்தில் கொத்தாகக் காய்த்த காய்களைப் போலத் தொங்குகிறதாம். உங்கள் முதல் அத்தியாயத்துக்கு இதைவிட நல்ல காட்சியை நான் பரிந்துரைக்க முடியாது.

இனி ஆற்றலுக்கு வருவோம். பொருநராற்றுப்படை யாழை உறுப்பு உறுப்பாக வருணித்துவிட்டு, "ஆறலை கள்வர் படைவிட அருளின் மாறுதலை பெயர்க்கும் மருவின் பாலை" என்று முடிக்கிறது. வழிப்பறி செய்ய வந்த கள்வர் தம் படைக்கலங்களைக் கீழே போடும்படி, அருளுக்கு மாறான கொடுமையை அவர்கள் நெஞ்சிலிருந்து பெயர்த்துவிடுகிற பாலை யாழ் என்பது பொருள். இதில் நுட்பமான ஒன்றைக் கவனியுங்கள். இசை கள்வரைத் தாக்கவில்லை, மயக்கவில்லை, தூங்க வைக்கவும் இல்லை. அவர்களிடம் புறம்பாக ஏறியிருந்த ஒன்றை அகற்றுகிறது. ஆயுதம் தானாகவே கையிலிருந்து நழுவுகிறது. இதற்கு முந்தைய அடிகளில் அந்த யாழை "அணங்கு மெய்ந் நின்ற" தோற்றம் உடையது என்கிறார் புலவர் முடத்தாமக்கண்ணியார். அணங்கு என்பது சங்க மக்களின் உலகில் மலையிலும் நீர்த்துறையிலும் மரத்திலும் உறைந்து அச்சமும் ஈர்ப்பும் ஒருங்கே தரும் ஆற்றல். அது யாழின் உடலில் வந்து நிற்கிறது என்றால், வினை செய்வது கருவியில் குடியிருக்கும் ஒன்று. பாணன் அதற்கு வழி திறந்துவிடுபவன் என்று கொள்ளலாம்.

விலங்குகளைப் பற்றிய சான்றுகள் இன்னும் அழகானவை. குத்துக்கோலுக்கு அடங்காத மதயானை யாழின் எல்லைக்குள் அடங்கி நின்றதைப் போல என்று கலித்தொகையின் 2-ஆம் பாடல் உவமை சொல்கிறது. "காழ்வரை நில்லாக் கடுங்களிற்று ஒருத்தல் யாழ்வரைத் தங்கியாங்கு" என்ற அந்த அடியில் "வரை" என்ற சொல் இரண்டு முறை வந்து, இரும்பின் எல்லையையும் இசையின் எல்லையையும் எதிரெதிரே நிறுத்துகிறது.

ஆனால் எனக்கு எப்போதும் மனத்தை விட்டு நீங்காதது அகநானூற்றின் 102-ஆம் பாடல். ஓங்கி விளைந்த தினைப்புனத்தில் பரண் அமைத்துக் காவல் இருந்த கானவன் கள்ளை உண்டு களித்துக் கிடக்கிறான். அவனுடைய கொடிச்சி, மெல்லிய காற்றில் தன் நீண்ட கூந்தலைக் கோதி உலர்த்தியபடி, பெரிய மலைச்சாரலில் குறிஞ்சிப் பண்ணைப் பாடுகிறாள். தினையை மேய வந்த இளங்களிறு கதிரையும் பறிக்கவில்லை, நின்ற இடத்தைவிட்டும் பெயரவில்லை. இயல்பாகத் தூக்கம் பிடிக்காத அதன் பசுங்கண் மூடி உறங்கிவிடுகிறது. பாடியவள் யானையை அடக்க வேண்டும் என்று பாடவில்லை. யானை வந்ததே அவளுக்குத் தெரிந்ததாகப் பாடல் சொல்லவில்லை. தலை உலர்த்தும் நேரத்துப் பாட்டு அது. பயிரும் பிழைத்தது, யானையும் பிழைத்தது, தூங்கியவனும் பிழைத்தான். நோக்கமின்றிப் பாடும்போதே ஆற்றல் நிறைவாக வெளிப்படும் என்ற விதியை உங்கள் கதையில் வைக்க விரும்பினால், அதற்கு இந்தப் பாடலே போதிய ஆதாரம். அவள் பாணர் குடியைச் சேர்ந்தவளும் அல்லள், மலையில் வாழும் கொடிச்சி. எனவே இசையின் ஆற்றல் உங்கள் கூட்டத்தின் தனியுரிமையாக இருக்கக் கூடாது என்றும் நான் சொல்வேன்.

புண் ஆற்றும் இசைக்கு இரண்டு வகைச் சான்று இருக்கிறது. மலைபடுகடாத்தில், புலி பாய்ந்து கணவரின் மார்பில் பிளந்த நீண்ட புண்ணின் வலி தணியவும் அதற்குக் காவலாகவும் கொடிச்சியர் பாடும் ஓசை, மலையில் கேட்கும் பல ஒலிகளுள் ஒன்றாக எண்ணப்படுகிறது. மற்றொன்று புறநானூற்றின் 281-ஆம் பாடல். அரிசில் கிழார் பாடிய இதில், போரில் புண்பட்டுக் கிடக்கும் வீரனைக் காக்க ஒரு பெண் தன் தோழியை அழைக்கிறாள். இரவ மரத்தின் தழையையும் வேப்பந்தழையையும் வீட்டில் செருகுவோம், யாழோடு பல இயங்கள் ஒலிக்கட்டும், மெதுவாகக் கையை எடுத்து மையைப் பூசுவோம், வெண்சிறுகடுகைத் தூவுவோம், ஆம்பற்குழலை ஊதுவோம், மணியை அடிப்போம், காஞ்சிப் பண்ணைப் பாடுவோம், வீடு முழுதும் நறும்புகையைப் பரப்புவோம், அவன் புண்ணைக் காப்போம் வா என்கிறாள். இலக்கண நூலார் இந்தச் சூழலுக்கு, அதாவது இதன் துறைக்கு, இட்ட பெயர் பேய்க்காஞ்சி. குருதி மணத்துக்கு வந்து சூழும் பேயை அண்டவிடாமல் தடுப்பதே இந்தச் சடங்கின் கருத்து.

இந்தப் பாடலில் இசை தனியாக வேலை செய்யவில்லை என்பதைப் பாருங்கள். தழை, மை, கடுகு, புகை, மணி, குழல், யாழ், குரல் என எல்லாம் சேர்ந்து ஒரு வேலியாகின்றன. அந்த வேலிக்குள் உடல் தன்னைத் தானே ஆற்றிக்கொள்கிறது. பாட்டு புண்ணை மூடுவதில்லை. புண் ஆறுவதற்கு வேண்டிய பொழுதைக் காவல் காக்கிறது. ஒரே நொடியில் காயம் மறைந்துவிடும் அற்புதத்தைக் காட்டிலும், இரவெல்லாம் பாடி நிறுத்தினால் பேய் உள்ளே வந்துவிடும் என்ற அச்சத்தோடு விடியும்வரை தொண்டை வறள நால்வர் மாறி மாறிப் பாடும் ஒரு காட்சி எவ்வளவு வலிமையாக இருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். புறநானூற்றின் 291-ஆம் பாடலிலும் இதே காவல்தான். களத்தில் கிடக்கும் வீரனின் உடலைப் பறவைகள் அண்டாமல் நீங்கள் ஓட்டுங்கள் என்று துடி கொட்டும் சிறுவரிடம் சொல்லிவிட்டு, நான் விளரிப் பண்ணால் நரிகளை விரட்டுவேன் என்கிறாள் ஒருத்தி. விளரி இரங்கற்பண். அழுகையே காவலாகும் இடம் அது.

கொல்லும் இசையும் இல்லாமல் இல்லை. அசுணம் என்ற விலங்கைப் பற்றி நற்றிணையும் அகநானூறும் பேசுகின்றன. மலைக்குகையில் வாழும் அது, வண்டுக்கூட்டத்தின் ஒலியையும் யாழோ என்று எண்ணிச் செவிசாய்க்கும். அதைப் பிடிப்போர் முதலில் யாழை இசைத்து வெளியே வரவழைப்பர். அது இசையில் தோய்ந்து நிற்கும்போது திடீரெனப் பறையை முழக்குவர். அந்த வன்மையான ஒலியைத் தாங்காமல் அது இறந்துபோகும். "பறைபட வாழா அசுணமா" என்கிறது நான்மணிக்கடிகை. இன்பமும் துன்பமும் ஒருங்கே தருகிற தலைவனின் மார்பை "அசுணம் கொல்பவர் கை" என்று நற்றிணையின் 304-ஆம் பாடலில் ஒரு பெண் சொல்லும்போது, இசைக்கும் கையே கொல்லும் கையாகவும் இருப்பதன் கொடுமை நம்மைத் தைக்கிறது. உங்கள் கூட்டத்தில் நெறி பிறழ்ந்தவர்கள் வேண்டுமானால், அவர்களை அசுணம் கொல்பவர்களின் வழிவந்தவர்களாகப் படையுங்கள். நம்பிக் கேட்பவரை இசையால் திறக்கவைத்து, திறந்த இடத்தில் அடிப்பது அவர்கள் தொழில். பாணர் நெறியில் இதைவிடப் பெரிய குற்றம் இருக்க முடியாது.

இங்கே ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். இவை பாடல்கள். அகநானூற்றுக் களிறு உறங்குவது, அந்த மலைநாட்டுத் தலைவனைப் பற்றிய வருணனையாகவும், காதலின் முன் தன் வலிமையை மறந்து நிற்கும் ஆண்மகனைக் குறிப்பாகச் சுட்டுவதாகவும் வருகிறது. பாணர்கள் உண்மையில் வாழ்ந்த மக்கள். பசித்தவர்கள், பிள்ளைகுட்டிகளோடு நடந்தவர்கள். அவர்கள் மந்திரவாதிகளாக இருந்தார்கள் என்று வரலாறாக எழுதினால் தவறாகிவிடும். நீங்கள் எழுதுவது புனைவு என்பதால் அந்தப் பாடல்களின் நம்பிக்கையை உங்கள் உலகின் இயற்கை விதியாக மாற்றிக்கொள்ளும் உரிமை உங்களுக்கு உண்டு.

அந்த விதிகள் எவையாக இருக்கலாம்? தொல்காப்பியம் ஒவ்வொரு திணைக்கும் உரிய கருப்பொருள்களை எண்ணும்போது, தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, பறை, தொழில் ஆகியவற்றோடு யாழையும் சேர்க்கிறது. அதாவது பண் என்பது மனிதன் செய்து வைத்துக்கொண்ட கலை மட்டுமன்று, வேங்கை மரத்தையும் மயிலையும் போல அந்த நிலத்தில் விளைவது. மலைக்குக் குறிஞ்சி, வயலுக்கு மருதம் என்று பண்ணும் நிலமும் ஒரே பெயரைத் தாங்கி நிற்பதன் காரணம் இதுவே. பொழுதும் அப்படித்தான். காலையில் மருதமும் மாலையில் செவ்வழியும் இசைப்பது முறை. வன்பரணர் என்ற புலவர் கண்டீரக் கோப்பெருநள்ளி என்ற வள்ளலைப் பாடிய புறநானூற்றின் 149-ஆம் பாடல் இந்த முறை குலைந்ததைச் சொல்கிறது. நீ அள்ளிக் கொடுத்ததால் எம் பாணர் மாலையில் மருதத்தையும் காலையில் செவ்வழியையும் இசைத்துத் தம் மரபையே மறந்துபோனார்கள் என்கிறார். கொடையைப் புகழும் பாடல்தான், ஆனால் மகிழ்ச்சியின் உள்ளே ஒரு கலக்கமும் தெரிகிறது என்று எனக்குத் தோன்றும். நிறைந்த வயிறு பொழுதை மறக்கச் செய்கிறது. உங்கள் கதையில் ஓர் அரசன் பாணரை அழிக்க நினைத்தால் வாளை எடுக்க வேண்டியதில்லை, அளவின்றிக் கொடுத்தாலே போதும்.

எனவே ஒரு பாணன் பாலை நிலத்தில் நின்றுகொண்டு குறிஞ்சியைப் பாடினால் அது பாட்டாக இருக்கும், வினையாக இராது என்று வைத்துக்கொள்ளலாம். நாடோடி வாழ்க்கைக்கும் அப்போது ஒரு காரணம் கிடைத்துவிடுகிறது. எல்லாப் பண்களின் ஆற்றலையும் அறிய விரும்புபவர் எல்லா நிலங்களிலும் நடந்தாக வேண்டும்.

கருவியின் இயல்பிலிருந்தும் விதிகளைப் பெறலாம். யாழ் என்பது வில்லைப் போல வளைந்த கோட்டில், ஒவ்வொரு சுரத்துக்கும் தனி நரம்பு கட்டிய கருவி. வீணையைப் போல ஒரே தந்தியில் மெட்டுகளை அழுத்திப் பல சுரங்களைப் பெறுவதற்கு அதில் இடமில்லை. ஒரு பண்ணிலிருந்து வேறொன்றுக்கு மாற வேண்டுமானால் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்ற ஏழு நரம்புகளுள் எதைக் குரலாகக் கொள்வது என்பதை மாற்ற வேண்டும், அல்லது நரம்பைக் கோட்டில் பிணைக்கும் கட்டான திவவைத் தளர்த்தியும் இறுக்கியும் நரம்பைத் திருத்த வேண்டும். இதைக் கதையில் கொண்டுவந்தால், பாணன் களத்துக்கு வருமுன்பே எந்தப் பண்ணைக் கட்டி வருவது என்று முடிவு செய்துவிட வேண்டியவனாகிறான். யானை வரும் என்று குறிஞ்சிக்குக் கட்டி வைத்திருக்கும்போது கள்வர் வந்துவிட்டால் அவன் செய்வதற்கு ஒன்றுமில்லை. வாசகர் நெஞ்சு படபடக்க இது போதும்.

நரம்பு விலங்கின் நரம்பாதலால் குளிரும் ஈரமும் அதற்குப் பகை. நெடுநல்வாடையில் வாடைக் குளிரால் சுருதி திரிந்துபோன சீறியாழின் நரம்புகளை, ஆடல் மகளிர் தம் மார்பின் வெம்மையில் தடவிச் சூடேற்றிப் பண்ணுக்கு நிறுத்துகிறார்கள். பல நூற்றாண்டுகள் கழித்து எழுந்த பெரியபுராணத்தில், மதுரைக் கோயிலில் திருநீலகண்ட யாழ்ப்பாணர் தரையில் அமர்ந்து வாசிக்கும்போது, தரையின் குளிர்ச்சி தாக்கினால் யாழின் நரம்பு தளர்ந்துவிடும், அவருக்குப் பொற்பலகை இடுங்கள் என்று இறைவனே பணிப்பதாக வருகிறது. இரண்டு காட்சிகளிலும் தெய்விக இசையின் உயிர் ஒரு மெல்லிய நரம்பின் ஈரத்தில் ஊசலாடுகிறது. மாரிக்காலம் உங்கள் பாணர்களுக்கு அச்சத்தின் காலமாக இருக்கட்டும். மழை நாளில் அவர்கள் யாழை மார்போடு அணைத்துக் காக்கும் காட்சி, அவர்களுடைய ஆற்றல் எவ்வளவு எளிதில் அணைந்துவிடக் கூடியது என்பதை எந்த விளக்கமும் இல்லாமல் சொல்லிவிடும்.

யாழ் தன் விருப்பத்தில் பேசும் இடமும் ஒன்று உண்டு. புறநானூற்றின் 260-ஆம் பாடலில் ஒரு பாணன் தன்னைப் புரந்த தலைவனைத் தேடி வருகிறான். எந்தப் பண்ணை இசைக்கத் தொடங்கினாலும் யாழின் நரம்பு திரிந்து விளரியிலேயே போய் நிற்கிறது. "வளரத் தொடினும் வௌவுபு திரிந்து விளரி உறுதரும் தீந்தொடை" என்று அவன் உள்ளம் தளர்கிறது. வழியில் கண்ட நிமித்தமும் நன்றாக இல்லை. கடைசியில், பகைவர் கவர்ந்த ஆநிரையை மீட்ட போரில் தலைவன் இறந்து நடுகல்லாகிவிட்டான் என்ற செய்தி வருகிறது. பாணன் அறியுமுன் யாழ் அறிந்திருக்கிறது. அணங்கு கருவியில் உறைகிறது என்று முன்னே சொன்னதோடு இதைச் சேர்த்துப் பார்த்தால், உங்கள் கதையில் யாழும் ஒரு பாத்திரமாகிவிடும். அது பொய் சொல்ல மறுக்கும். இசைப்பவன் மறைக்க நினைப்பதை அது வெளியே சொல்லிவிடும்.

பாணரின் யாழுக்கு எதிர்நிலையில் அரசனின் முரசை நிறுத்துமாறு சொல்வேன். முரசும் தெய்வம் உறைந்த கருவிதான், ஆனால் அது நடப்பதில்லை, கட்டிலில் வீற்றிருக்கிறது. ஒன்றோடொன்று பொருத வைத்த ஏறுகளில் வென்ற ஏற்றின் தோலை மயிர் சீவாமல் போர்த்தியது அது. சேரன் இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் பகைவரின் காவல் மரமான கடம்பை வெட்டி அந்த மரத்தாலேயே முரசு செய்துகொண்டதைப் பதிற்றுப்பத்து பாடுகிறது. பகைவரின் நிலத்தில் வேரூன்றி அவர்களைக் காத்த ஒன்றை அறுத்து, அதன் ஓசையை வென்றவன் எடுத்துக்கொள்கிறான். ஆற்றலை உடைமையாக்குவது என்றால் இதுதான். அறியாமல் முரசு கட்டிலில் ஏறிப் படுத்து உறங்கிய மோசிகீரனாரை வெட்டாமல், எழும்வரை கவரியால் வீசி நின்ற பெருஞ்சேரல் இரும்பொறையின் கதை நமக்கு நன்கு தெரிந்தது. அரசனின் ஒலி பாட்டின் முன் தாழ்ந்து நின்ற அரிய கணம் அது.

கூட்டத்தின் அமைப்பைப் பற்றி உங்களுக்கு ஒரு கவலை இருந்தது. தலைமைப் பீடம், படிநிலைகள், உறுதிமொழி என்று மடத்தைப் போல அமைப்பதா என்று கேட்டீர்கள். வேண்டாம் என்பதே என் கருத்து. ஆற்றுப்படை என்ற வகையே அவர்களுடைய சட்டமாக இருக்கட்டும். கூத்தரும் பாணரும் பொருநரும் விறலியும் வழியில் எதிர்ப்பட்டு, தாம் பெற்ற வளத்தைப் பெறாதவர்களுக்கு அறிவித்து, அவர்களும் சென்று பயன்பெறும்படி சொல்வது என்று தொல்காப்பியம் அதற்கு இலக்கணம் வகுக்கிறது. பெற்றவன் பெறாதவனுக்கு வழி சொல்ல வேண்டும், அதுவும் எங்கே உணவு கிடைக்கும், எந்த இடத்தில் பாறை வழுக்கும், எந்தத் தெய்வத்தை வணங்கிவிட்டுக் கடக்க வேண்டும் என்பது வரைக்கும் சொல்ல வேண்டும். மலைபடுகடாத்தின் 583 அடிகளில் பெரும்பகுதி இத்தகைய வழிச்செய்திதான். தலைவன் இல்லாத, கோட்டை இல்லாத ஒரு கூட்டத்தை இணைத்து வைக்க இந்த ஒரே கடமை போதும். வழியை மறைத்தவன் கூட்டத்திலிருந்து நீங்கியவன் ஆகிறான்.

வறுமையை மறந்துவிடாதீர்கள். சிறுபாணாற்றுப்படையில் வரும் பாணன் வீட்டில், கண் திறவாத குட்டிகளுக்குப் பால் தர முடியாமல் அண்மையில் ஈன்ற நாய் குரைக்கும் அடுக்களையில், குப்பையில் முளைத்த வேளைக்கீரையை உப்பில்லாமல் வேகவைத்து, பிறர் பார்க்கக் கூடாதென்று கதவை அடைத்துக்கொண்டு உண்கிறார்கள். யானையை உறங்க வைக்கும் பண் வல்லவர்களுக்கு உப்பு இல்லை. இசை எதையும் படைத்துத் தராது, இருப்பதைக் காக்கவும் தணிக்கவும் மட்டுமே செய்யும் என்ற விதியை வைத்தால் இந்த முரண் உங்கள் கதையின் நெஞ்சாகிவிடும். அவர்களுக்குக் கிடைக்கும் பரிசு பொன்னால் செய்த தாமரைப் பூ, விறலியருக்குப் பொன் அணிகலன்கள். கரிகாலன் பொருநனை வழியனுப்பும்போது ஏழடி பின்னே நடந்து சென்று தேரில் ஏற்றுகிறான். அந்த ஏழடியை எங்கேனும் ஓரிடத்தில் பயன்படுத்துங்கள்.

அவர்களுடைய மிகப் பெரிய படைக்கலம் எது என்று கேட்டால், பாடாமல் இருப்பது என்று சொல்வேன். பகைவரை வெல்லாவிட்டால் மாங்குடி மருதனைத் தலைவனாகக் கொண்ட புலவர்கள் என் நாட்டைப் பாடாது ஒழியட்டும் என்று தலையாலங்கானத்துச் செருவென்ற பாண்டியன் நெடுஞ்செழியன் வஞ்சினம் கூறுகிறான். அது புலவரைப் பற்றியது. பாணரின் மௌனம் இன்னும் அடர்ந்தது. போரில் முதுகில் பட்ட புண்ணுக்கு நாணிச் சேரமான் பெருஞ்சேரலாதன் வடக்கிருந்தபோது, அதாவது உண்ணாமல் வடக்கு நோக்கி இருந்து உயிர்விடத் துணிந்தபோது, "மண்முழா மறப்பப் பண்யாழ் மறப்ப" என்று தொடங்குகிறார் கழாத்தலையார். முழவு தன் முகத்தில் பூசும் மார்ச்சனை மண்ணை மறந்தது, யாழ் பண்ணை மறந்தது. ஓர் ஊரில் பாணர் யாழை உறையிலிட்டுவிட்டார்கள் என்ற செய்தியே, அந்த ஊரின் பேய்களுக்கும் யானைகளுக்கும் கள்வருக்கும் கதவு திறந்துவிட்டது என்று பொருள்படும் உலகை நீங்கள் படைக்கலாம்.

பிற்கால மரபிலும் கொள்ளத்தக்கவை இருக்கின்றன. ஆனாய நாயனாரின் குழலோசையில் பகை விலங்குகள் பகை மறந்து நின்றதையும், பாணபத்திரருக்காக இறைவன் விறகு விற்பவனாக வந்து சாதாரிப் பண்ணைப் பாடி, அவரோடு போட்டியிட வந்த இசைவாணன் ஏமநாதனை ஊரைவிட்டே ஓடச் செய்ததையும் நீங்கள் அறிந்திருப்பீர்கள். தருமபுரத்தில் சம்பந்தர் பாடிய பதிகம் யாழில் அடங்காமல் போக, யாழ்ப்பாணர் தம் யாழை முறிக்க ஓங்கிய நிகழ்ச்சி வேறு வகையில் முக்கியமானது. குரலின் முன் கருவியின் காலம் முடியத் தொடங்கியதற்கு அடையாளமாகவே நான் அதைப் படிக்கிறேன். அந்த யாழ் பின்னர் நம் கையிலிருந்து முற்றிலும் மறைந்தது. மட்டக்களப்புப் பகுதியின் காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள் பல்லாண்டு உழைத்து, பழைய பாடல்களின் குறிப்புகளையும் கணக்கையும் கொண்டு அதன் அமைப்பை மீட்டு எழுதிய யாழ்நூல் 1947-இல் வெளிவந்தது. நரம்புகளின் முறையைத் துல்லியமாக எழுத விரும்பினால் அந்த நூலின் முன் அமர்ந்தே ஆக வேண்டும்.

பெயரைப் பொறுத்தவரை, "பாணர்" என்பதை அப்படியே கூட்டத்தின் பெயராக வைப்பதில் எனக்குத் தயக்கம் உண்டு. துடியன், பாணன், பறையன், கடம்பன் ஆகிய இந்நான்கு அல்லது வேறு குடி இல்லை என்று மாங்குடி கிழார் பெருமையோடு பாடிய குடிகள், பின்னாளில் கோயில் வாயிலுக்கு வெளியே நிற்க வைக்கப்பட்டன. யாழ்ப்பாணருக்குத் திருவாரூரில் வடதிசையில் வேறு வாயில் வகுக்கப்பட்டதாகப் பெரியபுராணமே சொல்கிறது. அந்த வலியைக் கதைக்குள் கொண்டுவரப் போகிறீர்கள் என்றால் பாணர் என்றே வையுங்கள், அதற்குரிய பொறுப்போடு எழுதுங்கள். இல்லையென்றால் "வயிரியர்" என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். வயிர் என்னும் கொம்பை ஊதுபவர் என்ற பொருள் அதற்கு இருக்கிறது, சொல்லும் செவிக்கு இனிதாக விழுகிறது, இன்றைய வழக்கில் வேறெந்தப் பொருளோடும் மோதவில்லை. பெண்களைத் தனிப் பிரிவாக ஒதுக்கிவிட வேண்டாம். யானையை உறங்க வைத்ததும், புலி கிழித்த புண்ணைத் தணித்ததும், நரிகளை விளரியால் விரட்டியதும், பேய் வராமல் காஞ்சி பாடியதும், நாம் மேலே பார்த்த பாடல்களில் எல்லாம் பெண்களின் குரலே.